பேச்சின் நடுவே ஒரு கீறல்

கோர்லிஸ் தீவில் பிறந்தவர்கள் எல்லோரும் தலைகீழாகத்தான் எழுதுவார்கள். கடலுக்கு எழுதும் எழுத்தைச் சொல்கிறேன். கனடாவின் ஃபண்டி விரிகுடாவில் கடல் பொங்கி ஓத வெள்ளம் ஏறும் வேகத்துக்கு ஓடித் தப்புவது கஷ்டம். அதனால் ஈர மணலில் சிப்பி ஓட்டால் ஒரு கொக்கி கீறி, வெள்ளத்தின் நேரத்தைச் சற்று நிறுத்தி வைப்பார்கள். படிக்க வேண்டியது கடல், எழுதுகிறவர் நிற்பது கரைப்பக்கம். எழுதுகிறவருக்குத் தலைகீழாகத் தெரிந்தால்தான் கடலுக்கு நேராகத் தெரியும். நேராகத் தெரியும் கொக்கி 'நில்'. கவிழ்ந்த கொக்கி 'ஓடி வா'. வித்தியாசம் அவ்வளவுதான், ஆனால் உயிர் போகிற வித்தியாசம்.

சஸ்காட்செவான் கோதுமை வயல்களிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த ஐவிக்கு இந்த வித்தை கைவரவே இல்லை. அவள் கொக்கி போட்டால் எப்போதும் தன் கண்ணுக்கு நேராகத்தான் வரும். நாத்தனார் ரோவினா அதைச் சொல்லிச் சொல்லியே அவளை ஒரு வழி பண்ணிவிடுவாள்.

அன்றைக்குத் தப்பு செய்தது ரோவினாதான்.

அவளும் தம்பி தர்லோவும் மீன் அடைக்கும் கழிவேலியைச் சரிசெய்துகொண்டிருந்தபோது, வேலியின் அடிக்கல் சரிந்து அவன் காலைச் சேற்றோடு அழுத்திக்கொண்டது. பக்கத்தில் கடற்பாசி பறித்துக்கொண்டிருந்த ஐவி, புருஷனின் குரல் கேட்டு ஓடி வந்தாள். இரண்டு பெண்கள் தள்ளினால் அசைகிற கல்லா அது? ஊர் ஆண்களோ கடலுக்குப் போயிருந்தார்கள். வெள்ளம் ஏறினால்தான் அவர்கள் படகு உள்ளே வரும். வெள்ளம் ஏறினால் தர்லோ இருக்க மாட்டான்.

ரோவினா நாலு எட்டு ஓடி மணலில் கொக்கியைக் கீறினாள். பதற்றத்தில் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்று பார்க்கவில்லை. கடலுக்கு முதுகைக் காட்டி நின்றவள், பிறந்ததிலிருந்து பழகிய கைப்படி தலைகீழாகவே எழுதிவிட்டாள்; கடலுக்கும் அது கவிழ்ந்தே தெரிந்தது. கண்டுபிடித்தது, எழுதத் தெரியாதவள் என்று பேர் வாங்கிய ஐவி.

"அண்ணி, நீங்க கடல் பக்கம் நிக்கிறீங்க."

அவள் சொல்லி முடிப்பதற்குள் தண்ணீர் கணுக்காலைத் தாண்டிவிட்டது. 'ஓடி வா' என்றால் கடல் ஓடித்தானே வரும்! ஒரு வெள்ளத்துக்கு ஓர் எழுத்துதான், அழித்து எழுதினால் கடல் மதிக்காது. ரோவினா தலையில் அடித்துக்கொள்ளக்கூட நிற்கவில்லை. வேலியில் கட்டியிருந்த சிறு படகை அவிழ்த்து ஐவியை அதில் ஏறச் சொன்னாள். படகிலிருந்த கயிற்றின் ஒரு முனையைத் தம்பியின் இடுப்பில் கட்டினாள், மறு முனையைத் தன் கையில் சுற்றிக்கொண்டாள். என்ன செய்யப்போகிறாள் என்பது தர்லோவுக்குப் புரிந்துவிட்டது.

ஆள் மேலேயே எழுதுவதும் உண்டு. ஆனால் யாரும் துணிய மாட்டார்கள். எழுத்து நிற்கும்வரை அந்த ஆளுக்கு நேரம் ஓடாது, மூச்சும் தேவைப்படாது. அதற்கு எழுதியவள் கயிற்றைக் கைவிடக் கூடாது, வேறு எதிலும் கட்டவும் கூடாது. இன்னொன்று, அவன் பேச்சின் நடுவில் இருக்கும்போதுதான் கீற வேண்டும். பாதிப் பேச்சு இருந்தால்தான் மீதியைப் பேச ஆள் திரும்பி வருவான்.

தர்லோவோ, வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்று நினைக்கிற ஆள். நெஞ்சுக்கு வந்துகொண்டிருந்தது தண்ணீர்.

"பேசுடா."

"என்ன பேச?"

"எதையாவது பேசு, தம்பி. நீட்டிப் பேசு."

"வேலி கட்டணும்," என்றான். முடிந்துவிட்டது. ரோவினாவுக்கு அவனை அறைந்துவிடலாம் போலிருந்தது. சிப்பியை அவன் ரப்பர் கோட்டில் வைத்தபடியே காத்திருந்தாள். தர்லோ படகிலிருந்த மனைவியைப் பார்த்தான். அப்புறம்தான் வாய் தானாகத் திறந்தது.

"ஐவி, உன்ன அந்தக் கோதுமைக் காட்டுலேருந்து இந்தச் சேத்துக்குக் கூட்டிட்டு வந்ததுக்கு, இத்தன வருஷத்துல நான் ஒரு நாளாவது வருத்தப்—"

ரோவினா கீறிவிட்டாள். எதிரே நின்று அவன் குனிந்தால் நேராகத் தெரிகிற மாதிரி, தனக்குத் தலைகீழாக. இந்த முறை கைப்பழக்கம் கைகொடுத்தது. திறந்த வாயோடு அவன் அப்படியே நின்றான்.

"ஒரு வார்த்த பொறுத்திருக்கக் கூடாதா அண்ணி?" ஐவி அழுதேவிட்டாள்.

"முடிச்சிருந்தா அவன் எதுக்குத் திரும்பி வரப்போறான்? மிச்சத்த அவன்கிட்டயே வாங்கிக்க. இப்பத் துடுப்பப் போடு."

ரோவினா கயிற்றை விடாமலே படகில் ஏறிக்கொண்டாள். தண்ணீர் அவன் தலைக்கு மேல் போனது. ஐவி படகை நகரவிடாமல் துடுப்பு போட்டுக்கொண்டே இருந்தாள். வருத்தப்பட்டானா, படவில்லையா? அந்த ஒரு சொல்லுக்காக அவன் மூழ்கிய இடத்தையே எட்டி எட்டிப் பார்த்தாள். படகுகள் வந்து சூழ்ந்தன. கயிற்றைத் தாங்கள் பிடித்துக்கொள்வதாகச் சொன்ன ஆண்கள் மேல் ரோவினா எரிந்து விழுந்தாள். கயிறு ஈரத்தில் இறுகி விரல்கள் நீலம் பாய்ந்திருந்தன. அவள் விடவில்லை.

வெள்ளம் வடிந்தது. ஆண்கள் கடப்பாரை போட்டுக் கல்லைப் புரட்டினார்கள். தலையில் பாசியோடு, திறந்த வாயோடு, தர்லோ நின்ற இடத்திலேயே நின்றுகொண்டிருந்தான். ரோவினாவின் விரல்களோ மடங்கியபடியே மரத்துப்போயிருந்தன, சிப்பியைப் பிடிக்க முடியவில்லை.

"நீ எழுது ஐவி," என்றாள். "எதிர்ல நின்னு, உன் கைக்கு வர்ற மாதிரியே எழுது."

ஐவி தன் கண்ணுக்கு நேராக ஒரு கொக்கி போட்டாள். அவனுக்கு அது கவிழ்ந்த கொக்கி. ஓடி வா.

"—பட்டதே இல்ல," என்றான் தர்லோ. பிறகு சுற்றிலும் பார்த்துவிட்டு, "தண்ணி எங்க போச்சு?" என்று கேட்டான்.

ஐவி அவன் ஈரக் கோட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"இந்த ரெண்டு வார்த்தைக்கு ஒரு வெள்ளமே வடிய வேண்டியிருந்ததா உனக்கு?"