நுரையீரல் இல்லாதது

“உயிரோட இருக்கா?”

“அப்பாவா?”

“உன் வாயிலே மண்ணைப் போட! அதைக் கேட்டேன்டி, அதை. டப்பாவுக்குள்ளே இருக்கிறதை.”

தொமாசா தகர டப்பாவை அடுப்பு மேடையில் வைத்துவிட்டுச் சேறு அப்பிய பூட்ஸைக் கழற்றினாள். விடிவதற்கு முன்னால் மலையேறியவள். மூடுபனியில் தலைமயிர் நனைந்து கன்னத்தில் ஒட்டிக் கிடந்தது. இந்த வாரம் முழுக்க இதே வேலைதான். ஊசியிலைக் காட்டில் விழுந்து கிடக்கும் மரங்களின் பட்டையை உரித்து உரித்துப் பார்த்து, இன்றைக்குத்தான் ஒன்று கிடைத்தது.

அவளுடைய அம்மா சோனா ரொட்டிக்கல்லை ஏற்கனவே காய வைத்திருந்தாள். கல்லில் ரொட்டி இல்லை.

“இருக்கு. பாரு.”

ஈரப்பாசியின் நடுவே அது கிடந்தது. தீக்குச்சியைவிடச் சற்றே நீளம். அரணைக்குட்டி மாதிரிதான், ஆனால் செதில் கிடையாது. அப்போதுதான் எண்ணெய் தடவியது போலப் பளபளக்கும் பழுப்புத் தோல். ஊரில் அதற்குத் தலகோனேத்தே என்று பெயர்.

“இத்தனூண்டா? எங்கம்மா எங்க மாமாவுக்கு வாட்டிக் கொடுத்தது என் சுண்டுவிரல் தடிமன் இருந்தது.”

“அது அந்தக் காலம். இப்ப இது கண்ணுல பட்டதே பெரிசு. கூடாரம் போட்டுத் தங்க வர்ற காலேஜ் பசங்க, இது இந்த மலையைத் தாண்டி வேற எங்கேயும் கிடையாதுன்னு சொல்றாங்க.”

“அந்தப் பசங்களுக்கு முட்டை பொரிச்சுப் போடறதோட நீ நிறுத்திக்க. அவங்க அப்பன்மாரெல்லாம் நல்லா மூச்சு விடறாங்க. கொடு இப்படி.”

உள்ளேயிருந்து கரண்டியால் மேசையைத் தட்டும் சத்தம் வந்தது. அப்பா கூப்பிடுகிறார் என்று அர்த்தம். வாயால் கூப்பிடும் அளவுக்கு அவரிடம் காற்று இல்லை.

எராஸ்மோ படுத்துத் தூங்கி நாளாயிற்று. படுத்தால் நெஞ்சில் யாரோ ஏறி நிற்பது போலிருக்கும். நாற்காலியில் உட்கார்ந்து, மேசைமேல் தலையணையை வைத்து, அதில் கையை ஊன்றி முன்னால் சாய்ந்தபடியே ராவும் பகலும் போயின. வெள்ளிச் சுரங்கத்தில் பாறை துளைத்தவர். சுரங்கத்தை மூடிய பிறகும் அந்தத் தூசி அவருக்குள் இறுகிக்கொண்டே இருந்தது. பச்சூகா டவுனில் டாக்டர் நெஞ்சுப் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய், ஆசைப்பட்டதைச் சமைத்துக் கொடுங்கள் என்றார். அன்றைக்குத்தான் சோனாவுக்குத் தன் அம்மாவின் மருந்து ஞாபகம் வந்தது. தலகோனேத்தேயை உயிரோடு கல்லில் வாட்டி, பொடித்து, தேனில் குழைத்து வெறும் வயிற்றில் கொடுத்தால் நெஞ்சில் கட்டியதெல்லாம் கரைந்துவிடும்.

தொமாசாவுக்கு அதில் நம்பிக்கை இல்லை. ஆனாலும் போனாள். அப்பா காற்றுக்குத் தவிக்கும் சத்தத்தை உட்கார்ந்து கேட்பதற்கு, காட்டில் பட்டை உரிப்பது எவ்வளவோ தேவலை.

டப்பாவை எடுத்துக்கொண்டு அவள் உள்ளே போனபோது எதிர் நாற்காலியில் மெலித்தோன் இருந்தார். அப்பாவோடு அதே சுரங்கத்தில் இறங்கியவர், அவளுடைய ஞானத்தகப்பன், அந்த உறவில் அப்பாவுக்குக் கொம்பாத்ரே. தினமும் காலையில் டோமினோ ஆட வருவார். எராஸ்மோவால் காயை எடுத்து வைக்க முடியாமல் போனதிலிருந்து இரண்டு பேர் ஆட்டத்தையும் அவரே ஆடினார். அப்படியும் தோற்றார்.

“வந்துட்டான்யா உன் டாக்டர்,” என்றார் மெலித்தோன். “வெள்ளைக் கோட்டைத்தான் மறந்துட்டு வந்துட்டான்.”

“காட்டு,” என்றார் எராஸ்மோ.

தொமாசா டப்பாவைத் தலையணைமேல் வைத்தாள். அவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

“செத்து… போச்சு.”

“இல்லப்பா.”

“விலா… அசையலையே. மூச்சே… இல்லை.”

“அதுக்கு விலாவிலே மூச்சு இல்லப்பா. நுரையீரலே கிடையாது அதுக்கு. தோலாலேயே மூச்சு வாங்கும். உடம்பு ஈரமா இருக்கிற வரைக்கும்.”

சொல்லி முடித்த பிறகுதான், தேன் கிண்ணத்தோடு அம்மா கதவருகே நிற்பதைப் பார்த்தாள்.

எராஸ்மோவின் தோள்கள் குலுங்கின. மூச்சுத் திணறல்தான் வந்துவிட்டதென்று தொமாசா முதுகைத் தாங்கப் போனாள். அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

“நுரையீரலே… இல்லாத ஆளு! கம்பெனிக்காரனுக்கு… தெரியாமப் போச்சே, கொம்பாத்ரே. நம்மளை விட்டுட்டு… இவனைத்தான்… எடுத்திருப்பான்.”

“முகமூடி கேக்கமாட்டான்,” என்றார் மெலித்தோன். “சங்கத்திலே சேரமாட்டான். கூண்டிலே இறக்க வேண்டாம், சுவரைப் பிடிச்சே இறங்கிடுவான்.”

“இருமமாட்டான்.”

“அடடா, இருமவே மாட்டான்!”

இரண்டு கிழவர்களும் சிரித்தார்கள், சிரிப்பு இருமலாயிற்று. மெலித்தோனின் இருமல் நின்ற பிறகும் எராஸ்மோவின் இருமல் நிற்கவில்லை. தொமாசா எச்சில் கிண்ணத்தை அவர் வாயருகே பிடித்தாள். கறுப்பாகக் கொஞ்சம் வந்தது.

“சிரிச்சது போதும்,” என்றாள் சோனா. “கொடு கிழவா டப்பாவை. கல்லு காஞ்சு கிடக்கு.”

“நாளைக்கு.”

“என்ன நாளைக்கு?”

“நாளைக்குச்… சாப்பிடறேன் கிழவி. இன்னிக்கு… இருக்கட்டும். பார்த்துக்கிட்டு… இருக்கேன்.”

“பார்த்தா தீர்ந்துடுமா?”

தொமாசா மூடியை அழுத்தப் போனபோது, எராஸ்மோ இடையில் விரலைக் கொடுத்துத் தடுத்தார்.

“முழுசா… மூடாதே. மூச்சு முட்டும்.”

“நுரையீரல் இல்லாததுக்கு மூச்சு முட்டுமாம்!” என்றார் மெலித்தோன்.

“முட்டும்,” என்றார் எராஸ்மோ. இந்தத் தடவை அவர் சிரிக்கவில்லை.

அன்று பகல் முழுக்கச் சோனா கல்லை அடுப்பிலிருந்து இறக்கவில்லை. விறகைத் தள்ளிவிடுவாள், வந்து கதவருகே நிற்பாள், புருஷன் முகத்தைப் பார்ப்பாள், திரும்பிப் போவாள். மெலித்தோன் சாப்பிட வீட்டுக்குப் போனார். மதியத்துக்கு மேல் மூடுபனி மலையை விட்டு இறங்கித் தெருவுக்குள் வந்தது.

“அதுக்குத்… தண்ணி?”

“தெளிச்சேன்ப்பா.”

“இன்னும்… கொஞ்சம்.”

தொமாசா குவளையில் விரலை முக்கிப் பாசிமேல் உதறினாள். நிமிர்ந்தபோது அப்பாவின் மோவாய் தலையணைக்குள் இறங்கியிருந்தது. ஓடிக்கொண்டே இருந்த மோட்டார் சட்டென்று நின்றால் காது அடைத்துக்கொள்ளுமே, வீடு அப்படி ஆகிவிட்டது. அந்த நிசப்தத்தைக் கேட்டுத்தான் சோனா அடுப்படியிலிருந்து ஓடிவந்தாள். மண்டியிட்டு அவர் நெஞ்சில் காதை வைத்தாள். வைத்தது வைத்தபடியே இருந்தாள். தொமாசா தோளைத் தொட்டதும் எழுந்தாள்.

“கல்லு இன்னும் சூடாத்தான் இருக்கு,” என்றாள்.

சாயங்காலத்துக்குள் வீடு நிறைந்துவிட்டது. ஜெபம் சொல்லும் தோன்யா பானியா வந்து எல்லாவற்றையும் கையில் எடுத்துக்கொண்டாள். மேசையையும் நாற்காலியையும் மூலைக்குத் தள்ளச் சொன்னாள். தரையில் சுண்ணாம்புத் தூளால் ஆள் நீளத்துக்கு ஒரு சிலுவை போட்டாள். அதன் மேலே இரண்டு பெஞ்சைப் போட்டுப் பெட்டியை ஏற்றினார்கள். பெட்டிக்கு அடியில், பிணத்தின் காற்றை இழுத்துக்கொள்ள, வினிகரில் நறுக்கிப் போட்ட வெங்காயம் ஒரு தட்டில். நாலு மூலையிலும் மெழுகுவத்தி.

மெலித்தோன் வாசலில் தொப்பியோடு நின்று சுண்ணாம்பைப் பார்த்தார்.

“ஆயுசு பூரா தூசி தின்னவன், பானியா. செத்த பிறகும் அவனுக்குத் தூசியா?”

“வழக்கம்யா. வாயை மூடிட்டுத் தொப்பியைக் கழட்டு.”

அவர் கழற்றினார்.

அடுப்படியில் தாயும் மகளும் வந்தவர்களுக்குப் பாஸ்தே மடித்துக்கொண்டிருந்தார்கள். தொமாசா மாவில் உருளைக்கிழங்கும் கறியும் வைத்து நகர்த்த, சோனா விளிம்பைப் பின்னினாள். கறுப்பு ரவிக்கைக்கு மாறியிருந்தாள். இன்னும் அழவில்லை.

“ஏன் சொன்னே?”

“என்னம்மா?”

“அதுக்கு நுரையீரல் இல்லைன்னு. ஏன்டி சொன்னே? அவர் சாப்பிடறதாத்தான் இருந்தார். தேனை எடுத்து வைன்னு காலையிலே அவர்தான் என்கிட்ட சொன்னார். நீ அந்தக் கதையைச் சொன்னே, அவருக்கு மனசு மாறிடுச்சு. தோழனாயிட்டான். தோழனை யாராவது தின்பாங்களா?”

“அம்மா, அந்த இத்தனூண்டு பொடியாலே…”

“தீர்ந்திருக்காதுன்னு உனக்குத் தெரியுமா?”

தெரியும் என்று சொல்லத்தான் தொமாசா வாயைத் திறந்தாள். அம்மாவின் கட்டைவிரல் மாவு விளிம்பை அழுத்தியபடி அப்படியே நின்றிருந்தது. பதிலுக்காக நின்றிருந்தது.

“தெரியாது,” என்றாள்.

“அப்ப வாயை மூடிட்டு இருந்திருக்கணும்.” விரல் மறுபடி ஓடத் தொடங்கியது. “அதைக் கொண்டுபோய்க் கோழிக்குப் போடு. என் கண்ணுல படக்கூடாது.”

தொமாசா போய் மேசைமேல் டப்பாவைத் தேடி எடுத்தாள். பாசி மட்டும் இருந்தது. அப்பா விட்டுவைத்த விரலளவு இடைவெளி அப்படியே இருந்தது. குனிந்து தரையைப் பார்த்தாள். எங்கும் பெண்களின் பாவாடைகள், செருப்புகள், அருள் நிறைந்த மரியே. மெழுகுவத்திச் சூட்டில் அறை காய்ந்துகொண்டிருந்தது. அம்மாவிடம் போய், “போட்டாச்சு,” என்றாள்.

விடியற்காலை, காபி கொடுக்கிற நேரத்தில், தோன்யா பானியா வீறிட்டாள்.

“மாதாவே! சிலுவையிலே என்னமோ நடந்திருக்கு!”

எல்லாரும் பெட்டிக்கு அடியில் குனிந்து பார்த்தார்கள். வெள்ளைச் சுண்ணாம்பின் மேல், கால்பக்கத்திலிருந்து மெல்லிய ஒரு கோடு கிளம்பியிருந்தது. வாலை இழுத்துக்கொண்டு போன கோடு. இரண்டு பக்கமும் ஊசிமுனை அளவுக் காலடிகள். கோடு நேராகப் போகவில்லை. நின்று நின்று, வளைந்து, வந்த வழியே கொஞ்சம் திரும்பி, மறுபடி முன்னால் போய், வெங்காயத் தட்டைப் பார்த்து நகர்ந்திருந்தது.

“எராஸ்மோதான் இறங்கி வந்து நடந்து பார்த்திருப்பான்,” என்றார் மெலித்தோன். யாரும் சிரிக்காததால் தொப்பியைக் கையில் சுற்றினார்.

“உப்பு கொண்டாங்கடி. இந்தச் சனியன் மேலே உப்பைப் போட்டாத்தான்…”

“கையை எடு, பானியா.”

சோனா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். மண்டியிட்டு, பெஞ்சுக் கால்களுக்கு நடுவே உடம்பை நுழைத்தாள். ஈரம் இருந்தது அந்தத் தட்டு ஒன்றில்தான். அதன் விளிம்புக்கு ஒரு விரல்கடை முன்னால் கோடு முடிந்திருந்தது. அங்கே ஒரு சுண்ணாம்புக் குச்சி போலக் கிடந்தது அது. கண் எது, வாய் எது என்று தெரியவில்லை. முழுக்க வெள்ளை.

அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு சோனா எழுந்தாள். யாரையும் பார்க்காமல், பெட்டியைச் சுற்றிக்கொண்டு, அடுப்படி வழியாகக் கொல்லையில் இருந்த தண்ணீர்த் தொட்டிக்குப் போனாள். தொமாசா பின்னாலேயே ஓடினாள்.

“தோலாலேதான் மூச்சுன்னே?”

“ஆமாம்மா.”

“அப்ப ஊத்து.”

தொமாசா குவளையில் மொண்டு ஊற்றினாள். சோனாவின் விரலிடுக்குகளில் தண்ணீர் பாலாக வழிந்தது. கட்டைவிரலால், மாவு விளிம்பை அழுத்துவதைவிட மெதுவாக, அதன் முதுகை நீவினாள். ஒரு கோடு பழுப்பு தெரிந்தது. பிறகு வால். பிறகு விரித்தபடி இருந்த ஒரு கால். வயிற்றுப்பக்கம் திருப்பி அங்கேயும் நீவினாள். தண்ணீர் தெளிந்து ஓடத் தொடங்கிய பிறகும் அது போட்டது போட்டபடியே கிடந்தது.

மூடுபனி இன்னும் விலகவில்லை. உள்ளே பானியா மறுபடி ஜெபத்தைத் தொடங்கிவிட்டாள்.

சோனா உள்ளங்கையை உயர்த்தி அதன்மேல் காதைச் சாய்த்தாள்.

“அதுல ஒண்ணும் கேட்காதும்மா.”

“தெரியும்,” என்றாள் சோனா. காதை எடுக்கவில்லை. “நீ ஊத்து.”

தொமாசா குவளையைத் தொட்டியில் முக்கினாள்.