ஆப்பிள் பெட்டியில் ஓடாத செல்லம்

மகன் அனுப்பியது தின்கிற பொருளா, சுவரில் மாட்டுகிற பொருளா என்றே செல்லத்துக்கு முதலில் விளங்கவில்லை. காய்கறி லோரி ஓட்டும் தங்கையா கோலாலம்பூரிலிருந்து திரும்பும்போது கொண்டுவந்து கொடுத்த உறைக்குள் கறுப்பாக, சதுரமாக, மெல்லிசாக ஒரு தகடு இருந்தது. நடுவில் ஓட்டை வேறு. ஓட்டைச் சாமானை ஒருவன் அம்மாவுக்கு அனுப்புவானா என்று தங்கையா சிரித்தான். செல்லம் சிரிக்கவில்லை. அந்தத் தகட்டுக்குள் அவள் இருக்கிறாள் என்று அவளுடைய மகன் சொல்லியிருந்தான்.

விஜயன் போனில் சொன்னது இதுதான். அவனாகவே ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு செய்திருக்கிறான். அதில் ஒரு மலை, மலை முழுக்கத் தேயிலை. கூடை சுமந்த ஒரு பெண் கொழுந்து பறித்துக்கொண்டு, சரிவில் விழாமல், நிறுவைக் கொட்டகை வரை இறங்கி வரவேண்டும்.

"அந்தப் பொம்பள நீதாம்மா. தோட்டத்து ஆபீஸ்ல கம்ப்யூட்டர் வந்திருக்குன்னு சொன்னல்ல, அதுல போட்டு அப்பாவ ஒரு தடவ பாக்கச் சொல்லு."

அதற்கு மேல் அவன் சொல்லவில்லை. சொல்லாததும் செல்லத்துக்குக் கேட்டது. அப்பா பார்க்க வேண்டும், பார்த்து மனசு இளக வேண்டும், இளகினால் இந்தத் தீபாவளிக்காவது பிள்ளை வீட்டு வாசலை மிதிப்பான். இரண்டு வருஷமாக அவன் மலை ஏறவில்லை.

ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இடம் கிடைத்த பையன் அவன். தோட்டத்துத் தமிழ்ப் பள்ளிக்கே வாத்தியாராக வருவான் என்று அவள் புருஷன் நாகப்பன் லைன் வீடுகள் முழுக்கச் சொல்லி வைத்திருந்தார். தேயிலைப் பேக்டரியில் மிஷின் பிட்டர் அவர். இரும்பைத் தவிர எதோடும் அதிகம் பேசாத மனிதர், அந்த ஒரு விஷயத்தை மட்டும் வாய் ஓயாமல் பேசினார். பையன் பாதியில் விட்டுவிட்டுக் கோலாலம்பூரில் கம்ப்யூட்டர் கடையில் சேர்ந்தான். கடையில் என்ன வேலை என்று கேட்டதற்கு விளையாட்டு செய்கிறேன் என்று உண்மையை வேறு சொல்லித் தொலைத்தான். அன்றோடு அப்பனும் மகனும் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள்.

நிறுத்திக்கொண்டார்கள் என்றால் ஒன்றுமே பேசிக்கொள்ளவில்லை என்று நினைத்துவிடக் கூடாது. ஞாயிற்றுக்கிழமை தோறும் புருஷனும் பெண்டாட்டியும் பிரிஞ்சாங் டவுனுக்குப் போய், நூர்தீன் சாப்பாட்டுக் கடையில் விஜயனின் போனுக்குக் காத்திருப்பார்கள். ரிசீவர் செல்லத்தின் காதில் இருக்கும். நாகப்பன் ஒட்டி நின்றுகொண்டு, ரொட்டி சானாய்க்கு மாவு வீசுகிறவனையே பார்த்தபடி, சாப்பிடுகிறானா என்று கேள் என்பார். அவள் கேட்பாள். சாப்பிடுகிறேன் என்று சொல்லு என்பான் அவன். அவன் குரல் கடை முழுக்கக் கேட்கும். ஆனாலும் செல்லம் திருப்பிச் சொன்ன பிறகுதான் நாகப்பன் தலையாட்டுவார். அம்மாவுக்கு வாய் வலிக்காதா அண்ணே என்று நூர்தீன்கூட ஒருநாள் கேட்டுவிட்டார். அதற்கு நாகப்பன் பால் இல்லாமல் ஒரு தே ஓ கேட்டார்.

புதன்கிழமை மத்தியானம் ஆபீஸில் கணக்கெழுதும் கிராணி அர்ஜுனனிடம் செல்லம் தகட்டைக் கொண்டுபோனாள். கொழுந்து நிறுவைக் கணக்குப் போடுவதற்கென்று தோட்டத்துத் துரை வாங்கிப்போட்ட கம்ப்யூட்டர் அவன் மேசையில்தான் இருந்தது. ஈப்போவுக்குப் போய் அதைப் படித்துவிட்டு வந்ததிலிருந்து அர்ஜுனனின் நடையே மாறியிருந்தது. பெட்டிக்குப் பூப்போட்ட துணியில் உறை தைத்துப் போட்டிருந்தான். உறையை எடுத்ததும் செல்லம் பார்த்தாள்: பெட்டியின் மேல் வானவில் நிறத்தில் ஓர் ஆப்பிள், ஒரு பக்கம் கடித்திருந்தது. புதுச் சாமானில் எச்சில் ஆப்பிளை எதற்கு ஒட்டுகிறார்கள் என்று அவளுக்குப் புரியவில்லை. கேட்கவும் கூச்சமாக இருந்தது.

வரவே மாட்டேன் என்ற நாகப்பன் வந்து நின்றதுதான் அவளுக்கு அதைவிட ஆச்சரியம். அதுவும் கோயிலுக்குப் போடுகிற வெள்ளைச் சட்டையில் வந்திருந்தார். பேக்டரிக்குப் போகிற வழியில் எட்டிப் பார்த்தேன் என்றார். பேக்டரி எதிர்ப்பக்கம் இருந்தது. செல்லம் நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

அர்ஜுனன் தகட்டைப் பெட்டியின் வாயில் செருகினான். அது கடகடவென்று எதையோ மென்றது. நின்றது. மறுபடி மென்றது. செல்லம் முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். தான் வரப்போகிற இடம் அல்லவா. கடைசியில் திரையில் ஒரு வரி எழுத்து மட்டும் வந்து அப்படியே கிடந்தது.

"படிக்க முடியலன்னு சொல்லுது அக்கா," என்றான் அர்ஜுனன். அவனுக்கே முகம் விழுந்துவிட்டது. தன்னுடைய தகட்டைப் போட்டால் ஓடுகிறது, இதைப் போட்டால் ஓடவில்லை. இரண்டும் ஒரே அளவு, ஒரே கறுப்பு, ஒரே ஓட்டை. திருப்பிப் போட்டான், துடைத்துப் போட்டான், பெட்டியை அணைத்துவிட்டு ஏற்றினான்.

நாகப்பன் எழுந்தார். "படிக்க முடியலையாமா? அவனும் அதத்தான சொல்லிட்டுப் போனான். பாத்தாச்சுன்னு சொல்லு உன் மகன்கிட்ட."

அவர் போன திசை பேக்டரி அல்ல, வீடு. சட்டையை மாற்றத்தான் போகிறார் என்று செல்லத்துக்குத் தெரிந்தது.

அன்று முழுக்க அவள் மூளையைக் கசக்கினாள். மகன் பொய் சொல்ல மாட்டான். பெட்டியும் நல்ல பெட்டி. அப்படியானால் தகட்டுக்குத்தான் ஏதோ வந்துவிட்டது. என்ன வரும்? இந்த மலையில் எதற்கும் வருவதுதான் வந்திருக்கும்: ஈரம். இங்கே உப்பு தண்ணீராகும், தீப்பெட்டி நமுத்துப்போகும், அப்பளம் துணி மாதிரி தொங்கும். கீழேயிருந்து வந்த தகடு குளிர் தாங்குமா? அப்படி யோசித்ததும் அவளுக்குக் கண் திறந்துவிட்ட மாதிரி இருந்தது. அர்ஜுனனிடம் சொன்னபோது, இருக்கும்லா என்று அவனும் தலையாட்டினான். படித்தவனே தலையாட்டினால் அப்புறம் என்ன சந்தேகம்.

ஈரத்துக்கு லைன் ஆட்கள் அத்தனை பேருக்கும் ஒரே மருந்துதான். பேக்டரியில் தேயிலை காயவைக்கிற டிரையர் மிஷினின் மேல்தகடு எப்போதும் கதகதவென்று இருக்கும். உப்பு, தீப்பெட்டி, பிள்ளைகளின் பள்ளிக்கூடக் காலுறை என்று எல்லாம் அங்கேதான் காயும். டிரையரைப் பார்த்துக்கொள்ளும் சிங்காரம், மகன் அனுப்பிய சாமான் என்றதும் நல்ல சூடான இடமாகப் பார்த்து, சுத்தமான துணி விரித்து வைத்தார். நன்றாகவே காயட்டும் என்று ஒரு ஷிப்டு முழுக்க விட்டும்விட்டார்.

துணியைப் பிரித்தபோது தகடு பொரித்த அப்பளமாக நெளிந்திருந்தது. செல்லம் அதை மேசையில் வைத்து உள்ளங்கையால் அழுத்தினாள். கையை எடுத்ததும் எழும்பிக்கொண்டது. அதைப் பெட்டிக்குள் விட முடியாது என்று அர்ஜுனன் இரண்டு கையையும் விரித்துவிட்டான். அவள் வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அவன் தனக்கென்று செய்து அனுப்பியதை, அதுவும் தன்னையே வைத்துச் செய்ததை, தன் கையாலேயே பொசுக்கிவிட்டாளே.

ஞாயிற்றுக்கிழமை நூர்தீன் கடையில் ரிசீவரை எடுத்ததும், யாரென்றுகூடக் கேட்காமல் எல்லாவற்றையும் கொட்டினாள். படிக்க முடியவில்லை என்று பெட்டி சொன்னது, ஈரம், டிரையர், அப்பளம். விஜயன் ஒன்றே ஒன்று கேட்டான்.

"அம்மா, ஆபீஸ்ல இருக்கிறது என்ன கம்ப்யூட்டர்?"

"யாருக்குத் தெரியும். கடிச்ச ஆப்பிள் ஒட்டியிருக்கு."

அவன் சிரித்த சிரிப்பில் ரிசீவர் அதிர்ந்தது. அவன் செய்தது ஐ.பி.எம். என்கிற வேறு பெட்டிக்காம். ஆப்பிளில் அது ஓடவே ஓடாதாம். காயவைத்தாலும் ஓடாது, நனைத்தாலும் ஓடாது. தகடு போனால் போகட்டும், அதே மாதிரி எத்தனை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம், தன்னிடமே ஒரு டப்பா நிறைய இருக்கிறது என்றான். செல்லத்துக்கு உயிர் வந்தது. கூடவே கொஞ்சம் ஏமாற்றமாகவும் இருந்தது. ஒரு டப்பா செல்லம் கோலாலம்பூரில் இருக்கிறாள் என்றால், தான் அழுதது எந்தச் செல்லத்துக்கு?

"ரெண்டும் கம்ப்யூட்டர்தானடா. ரெண்டுக்கும் ஒரே தகடுதான. ஏன் ஓடாது?"

"தகடு ஒண்ணுதாம்மா, பாஷை வேற. இப்ப நீ சீனக் கடைக்காரத் தவுக்கேகிட்ட தமிழ்ல பேசுனா அவருக்கு எப்படிப் புரியும்?"

"ஏன் புரியாது? நான் பெர்த்தாம் ஊர்த் தவுக்கேகிட்ட தெனமும் கீரை வாங்கலயா? மலாய்ல கேக்குறேன், மலாய்ல சொல்றாரு. அது மாதிரி நடுவுல ஒரு மலாய வச்சு ஓட்டு."

அப்படி ஒன்றை எவனாவது செய்தால் நன்றாகத்தான் இருக்கும், இதற்கு இன்னும் யாரும் செய்யவில்லை அம்மா என்றான் விஜயன். இவ்வளவு படித்தவர்கள் இதைக்கூடச் செய்யாமல் என்னதான் செய்கிறார்கள் என்று செல்லத்துக்குக் குழப்பம்தான் கூடியது.

நாகப்பன் முழங்கையால் இடித்தார். "என்ன சொல்றான்னு கேளு."

"அப்பா கேக்குறாரு என்ன சொல்றேன்னு," என்றாள் போனில், பழக்கதோஷத்தில்.

"அப்பா ஆபீஸுக்கு வந்தாராம்மா?"

"வந்தாரு. வெள்ளச் சட்ட போட்டுக்கிட்டு வந்தாரு."

வெள்ளைச் சட்டையா என்று அவன் திருப்பிக் கேட்டான். பிறகு, தங்கையா அண்ணன் லோரி அடுத்து எப்போது கீழே வரும் என்று விசாரித்தான்.

தீபாவளிக்கு முந்தின சனிக்கிழமை தங்கையாவின் லோரி லைனுக்குள்ளேயே வந்து நின்றது. காலிக் காய்கறிக் கூடைகளுக்கு நடுவில், கம்பளி சுற்றிய ஒரு பெட்டியைக் கட்டிப் பிடித்துக்கொண்டு விஜயன் உட்கார்ந்திருந்தான். கடை முதலாளியிடம் கெஞ்சிக் கூத்தாடி ஐ.பி.எம். பெட்டியையே தூக்கி வந்துவிட்டான். தகடு ஓடாத ஊருக்குப் பெட்டியைச் சுமந்து வந்த பிள்ளையைச் செல்லம் லோரிக்குப் பக்கத்திலேயே கட்டிக்கொண்டாள். இளைத்திருந்தான். அதைச் சொல்லிக்கொண்டே அழுதாள்.

நாகப்பன் வாசலில் நின்றார். குளிர் சட்டை இருக்கிறதா என்று கேள் என்றார். மகன் கைக்கெட்டும் தூரத்தில்தான் நின்றான். இருக்கிறது என்று சொல்லும்மா என்றான். செல்லம் இந்தப் பக்கம் ஒரு தடவை, அந்தப் பக்கம் ஒரு தடவை கழுத்தைத் திருப்பினாள். போனிலாவது ஒரு பக்கம் திரும்பினால் போதும்.

சாப்பாட்டு மேசையில் பெட்டி உட்கார்ந்தது. இந்தப் பெட்டி தகட்டை மெல்லாமல் விழுங்கியது. பச்சைக் கோட்டில் மலை எழும்பியது; உச்சியில் ஒரு குச்சி நின்றது, குச்சியின் முதுகில் ஒரு கட்டம் இருந்தது.

"இதுவா நானு?" என்றாள் செல்லம்.

கட்டம்தான் கூடையாம். லைன் முழுக்க வந்து பார்த்து, செல்லத்தை அச்சு அசலாகப் பிடித்திருக்கிறான் என்று சொன்னார்கள். எதை வைத்துச் சொன்னார்கள் என்று அவளுக்கு விளங்கவில்லை. நாகப்பன் மட்டும் கிட்டே வரவில்லை. வேலை இருக்கிறது என்று சொல்லு என்றுவிட்டுச் சுவரோரம் ஒரு திருப்புளியைத் துடைத்தார். அது ஏற்கனவே பளபளத்தது. விஜயனின் முகம் சுண்டிவிட்டது. கூட்டம் கலைந்ததும் அவன் துண்டை எடுத்துக்கொண்டு பின்பக்கம் குளிக்கப் போனான். நாளைக்கே லோரியில் திரும்பிவிடுவான் என்று செல்லத்துக்குத் தோன்றியது. இருவருக்கும் நடுவில் இனி எதைக் கொண்டுபோய்ச் சொல்வது என்று தெரியாமல் அடுப்படிக்குப் போய் தோசைக்கல்லை வைத்தாள்.

முன்னறையில் நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது. பிறகு ஒரு விசை தட்டும் சத்தம். கொஞ்சம் கழித்து இன்னொன்று. தோசையைத் திருப்பப் போனவள் கரண்டியோடு நின்றாள். தட்டல் வேகமாகியது, நாற்காலி கிறீச்சிட்டது, அதற்கப்புறம் இரண்டு வருஷமாக அந்த வீட்டில் கேட்காத குரல் பின்வாசல் வரைக்கும் போனது.

"டேய் விஜயா, ஓடி வாடா! அம்மா விழப் போறாடா!"

சோப்பு நுரையோடு, இடுப்பில் துண்டோடு விஜயன் ஓடி வந்தான். அடுப்படியில் கரண்டியும் கையுமாக நிற்கும் அம்மாவைப் பார்த்தான். அவளும் ஒன்றும் புரியாமல் தன் காலடியைக் குனிந்து பார்த்தாள். முன்னறையில் நாகப்பன் இரண்டு கையாலும் பெட்டியைப் பிடித்துக்கொண்டிருந்தார். சரிவின் ஓரத்தில் குச்சி ஒற்றைக் காலில் ஆடிக்கொண்டிருந்தது.

"எதடா அமுக்கணும்? சொல்லித் தொலடா."

"இடது பக்கம்ப்பா. விடாம அமுக்குங்க. அவ்வளவுதான், நின்னுட்டாங்க."

"விழ மாட்டாளே?"

"மாட்டாங்கப்பா. நவுருங்க, நானும் உக்கார்றேன்."

ஒரே நாற்காலியில் இரண்டு முதுகுகள் ஒட்டிக்கொண்டன. ஒரு முதுகிலிருந்து இன்னும் நுரை வழிந்தது. யாராவது எதையாவது சொல்லச் சொல்வார்கள் என்று செல்லம் அடுப்படி வாசற்படியிலேயே நின்றாள். யாரும் அவளைக் கூப்பிடவில்லை. உள்ளே தோசை கருகத் தொடங்கியிருந்தது.