ஸபீக்காவைப் பெண் கேட்டு வந்தார்கள்

ஷம்லானைப் பற்றி எழுதும் பத்திரிகைக்காரர்கள் அவருடைய மௌனத்தைப் பற்றி ஒரு பத்தி எழுதாமல் விடமாட்டார்கள். ஒரு வசனத்துக்கும் அடுத்த வசனத்துக்கும் நடுவே அவர் விடும் இடைவெளியில் ஒரு கடலே இருக்கிறதாம். கடலும் இல்லை, கத்தரிக்காயும் இல்லை. அடுத்த வசனம் அவருக்குத் தெரியாது. நான் எடுத்துக் கொடுக்கும்வரை காத்திருப்பார், அவ்வளவுதான்.

என் பெயர் தர்வீஷ். பகலில் நகராட்சியில் குமாஸ்தா, மாலையில் ஷம்லானுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பவன். பள்ளிக்கூட முற்றத்தில் எண்ணெய் டின்களை அடுக்கி அதன் மேல் பலகை போட்டு, குவைத்தில் நாடகம் என்று ஒன்றை நாங்கள் ஆரம்பித்த நாளிலிருந்து இதுதான் ஏற்பாடு. அப்போது மேடையேறப் பெண்கள் கிடையாது. ஷம்லான் தன் அம்மாவின் கறுப்பு அபாயாவைத் திருடிப் போட்டுக்கொண்டு மாமியாராக வந்தார். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அன்று பிடித்தது சனி. இருபது வருஷம் மாமியார், மருத்துவச்சி, கல்யாணத் தரகுக் கிழவி என்று அபாயாவை விட்டு அவரால் வெளியே வரமுடியவில்லை.

பிறகு அபாயாவைக் கழற்றினாலும் சிரித்தார்கள். மீன் சந்தையில் விலை கேட்டால் சிரிப்பார்கள். அவருடைய அப்பா காலமானபோது துக்கம் விசாரிக்க வந்தவர்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஷம்லான் எழுந்து, "எங்கப்பா போயிட்டார்" என்றார். முன்வரிசையில் ஒரு ஆள் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினான். அவனைப் பார்த்து அடுத்தவன் குலுங்கினான். கடைசியில் தலைப்பாகையால் முகத்தை மூடிக்கொள்ளாத ஆளே இல்லை. அன்று என்னிடம் சொன்னார்: "தர்வீஷ், சாகறதுக்குள்ள ஒரே ஒரு தடவை நான் அழணும். எவனும் சிரிக்கக் கூடாது."

அந்த வாய்ப்பு வர அவருக்கு நாற்பத்தாறு வயது ஆனது. தொலைக்காட்சி வந்து மூன்று வருஷம். உஸ்தாத் ரம்ஸி என்ற எகிப்துக்காரர் ஒரு தொடர் நாடகம் போட்டார். வாரம் ஒரு முறை, வியாழன் மாலை, நேரடி ஒளிபரப்பு. ஷம்லானுக்கு அப்பா வேஷம்: முத்துக்குளிக்கும் கப்பலின் தலைவன், பணத்திமிர் பிடித்தவன். மகள் ஸபீக்காவுக்கு இருபது வயது. அவள் அப்பனின் கப்பலில் முத்துக் குளித்த முத்லக்கை விரும்புகிறாள் என்று தெரிந்து முடியாது என்று மறுக்கிறான். ஏழாவது வாரம், கடைசியில், மகள் ஏக்கத்தில் செத்துப்போவாள். அப்பன் அவளுடைய அறைக் கதவைக் கட்டிக்கொண்டு ஐந்து நிமிஷம் அழவேண்டும். அந்த ஐந்து நிமிஷத்துக்காகத்தான் ஷம்லான் மீதி எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டார்.

மகளாக நடிக்க எந்தப் பெண்ணும் கிடைக்கவில்லை. நிலையத்தில் நான் ஒளிந்து உட்கார்ந்து வசனம் கொடுக்க மேடைக் குழியும் கிடையாது. ரம்ஸி ஒரே கல்லில் இரண்டு மாங்காய் அடித்தார். சாத்திய கதவு ஒன்றை நிறுத்தி, அதன் பின்னால் என்னை உட்காரவைத்தார். கையில் காகிதக் கட்டு, மணிக்கட்டில் என் மனைவியின் வளையல்கள். நான் வளையலைக் குலுக்கினால் ஸபீக்கா இருக்கிறாள். கைக்குட்டையில் இருமினால் ஸபீக்கா வருத்தப்படுகிறாள். மீசை வைத்த ஸபீக்கா, ஐந்து பிள்ளைகளுக்குத் தகப்பன்.

ஷம்லானுக்கு வசனம் மறக்கும்போதெல்லாம் நடந்து வந்து கதவில் காதை வைப்பார். நான் கிசுகிசுப்பேன். திரும்பிப் போய்ப் பேசுவார். மறுபடி வருவார். ஆறு வாரமும் இதேதான். ஊரே உருகிவிட்டது. எவ்வளவு கொடுமைக்காரனாக இருந்தாலும் மகள் மூச்சு விடுகிறாளா என்று போய்ப் போய்க் கேட்கிறானே, பாவி!

ஆறாவது வாரம் முடிந்து, சனிக்கிழமை ஷம்லானின் திவானியாவில், ஆண்கள் கூடும் வெளியறையில், நாங்கள் உட்கார்ந்திருந்தோம். ஏழு பெரியவர்கள் விசேஷத்துக்குப் போடும் பிஷ்த் அங்கியெல்லாம் போர்த்திக்கொண்டு உள்ளே வந்தார்கள். முன்னால் பூ துவைஜ், நிஜமாகவே கப்பல் வைத்திருந்தவர், எழுபது வயது. மூத்த மகன் பெயரோடு பூ சேர்த்துத்தான் எங்கள் ஊரில் மரியாதையாக அழைப்போம்; ஷம்லான் பூ மிஷாரி. சலாம் சொன்னார்கள், உட்கார்ந்தார்கள். காபி ஊற்றப்பட்டது. ஏழு பேரும் கோப்பையை வாங்கினார்கள். ஏழு பேரும் குடிக்காமல் கம்பளத்தின் மேல் வைத்தார்கள்.

கோப்பையைக் கீழே வைத்துவிட்டால் ஏதோ கேட்க வந்திருக்கிறார்கள். கொடுக்காமல் அவர்கள் குடிக்கமாட்டார்கள். குடிக்காமல் எழுந்து போனால் அந்த வீட்டுப் பெயர் நாறிப்போகும். பேரன்களுக்குக்கூடப் பெண் கிடைக்காது.

"காபி ஆறுது, பூ துவைஜ். என்ன வேணுமோ கேளுங்க" என்றார் ஷம்லான்.

"உன் பொண்ணு ஸபீக்காவை முத்லக்குக்குக் குடு, பூ மிஷாரி."

ஷம்லான் சிரித்தார். வேறு யாரும் சிரிக்கவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாக அவர் இருந்த அறையில் அவர் மட்டும் சிரித்தார்.

"ஐயா, அது நாடகம்!"

"நாங்க என்ன முட்டாளா? நாடகம்னு தெரியும். வேஷத்துல அவ உன் பொண்ணு. உன்கிட்ட கேக்காம ரம்ஸிகிட்டயா போய் கேக்க முடியும்? அவன் வெளியூர்க்காரன்."

"முத்லக்கா நடிக்கறவன் சுங்க அலுவலகத்துல வேலை பாக்கறான்யா. மூணு குழந்தை இருக்கு!"

"அது அவன் சொந்தப் பிரச்சினை. பெட்டிக்குள்ள அவன் பிரம்மச்சாரி. நல்ல பையன், கடன் கப்பி இல்லாதவன், நாங்க விசாரிச்சோம்."

"எங்கய்யா விசாரிச்சீங்க?"

"அஞ்சாவது வாரத்துல அவனே சொன்னானே."

ஷம்லான் என்னைப் பார்த்தார். வசனம் வேண்டுமாம். நான் கூரையைப் பார்த்தேன்.

"பொண்ணும் சாதாரணப் பொண்ணா?" என்று இன்னொரு பெரியவர் ஆரம்பித்தார். "ஆறு வாரமா ஒரு நிழலையாவது பாத்தோமா? இந்தக் காலத்துல இப்படி அடக்கமான பொண்ணு எங்க இருக்கு, சொல்லு?"

அடக்கமான பெண் அவருக்கு எதிரே உட்கார்ந்து பேரீச்சம்பழக் கொட்டையைத் துப்பிக்கொண்டிருந்தது.

பூ துவைஜ் குரலைத் தாழ்த்தினார். "பூ மிஷாரி, உள்ளதைச் சொல்றேன். ஆறு வாரமா என் வீட்ல எனக்குச் சோறு ஒழுங்கா வரதில்ல. மச்பூஸ்ல மீனே இருக்காது, வெறும் அரிசி. கப்பல்காரனுங்க எல்லாரும் ஒரே சாதிதான்னு என் பொண்டாட்டி சொல்றா. நானும் ஒரு காலத்துல ஒருத்தனுக்கு இல்லேன்னு சொன்னவன். என் பொண்ணு முப்பத்தஞ்சு வயசுல வீட்ல இருக்கா. வியாழக்கிழமை உன் வாயால சரின்னு சொல்லிடு. நாங்களாவது நிம்மதியா சாப்பிடறோம்."

காபி ஆறிப்போய்விட்டது. அழவேண்டிய அந்த ஐந்து நிமிஷமும் கண்முன்னே ஆறிக்கொண்டிருந்தது ஷம்லானுக்கு. கடைசியில், "குடுத்தேன். குடிங்க" என்றார். ஏழு பேரும் ஒரே மடக்கில் குடித்தார்கள்.

ரம்ஸி தலையில் அடித்துக்கொண்டு கடைசிப் பக்கங்களைக் கிழித்தார். "நாப்பது வருஷமா நாடகம் போடறேன், கதாபாத்திரத்தைப் பெண் கேட்டு வந்த ஊர் இது ஒண்ணுதான்" என்றார். புதிதாக எழுதிக் கொடுத்ததில் அப்பனுக்கு ஒரே வசனம்: கொடுத்தேன். பிறகு கொட்டுமேளம், முடிந்தது.

ஷம்லான் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் நகராட்சிக்கே வந்து என் மேஜையில் கையை ஊன்றினார்.

"தர்வீஷ், வழி இருக்கு. பொண்ணுகிட்ட சம்மதம் கேக்கணும். நான் கதவுகிட்ட வந்து கேக்கறேன். நீ இல்லேன்னு சொல்லிடு. பொண்ணே வேண்டாம்னா நான் குடுத்த வாக்குக்குக் குத்தமில்ல. அப்பனுக்காக ஆசையை விட்டுட்ட பொண்ணு மனசு உடைஞ்சு மயங்கி விழுறா, நான் அழுதுடறேன்."

"எந்தக் குரல்ல சொல்றது, பூ மிஷாரி? தண்ணி லாரி கிளம்பற மாதிரி இருக்கு என் தொண்டை."

"மெதுவா சொல்லு."

"தலைக்கு மேல மைக் தொங்குது."

"இருபது வருஷத்துல உன்கிட்ட என்னடா கேட்டிருக்கேன்?"

எல்லா வசனத்தையும்தான் கேட்டிருக்கிறார். அதைச் சொல்லவில்லை. யோசிக்கிறேன் என்றேன்.

வியாழக்கிழமை கடைத்தெரு வெறிச்சோடியது. தொலைக்காட்சிப் பெட்டி இருந்த ஒவ்வொரு வீட்டிலும் ஐம்பது பேர். நான் கதவுக்குப் பின்னால் உட்கார்ந்தேன். கையில் காகிதமே இல்லை. எடுத்துக் கொடுக்க ஒன்றும் இல்லாத முதல் நாள்.

முத்லக்கின் ஆட்கள் பேசி முடித்தார்கள். ஷம்லானின் செருப்புச் சத்தம் கதவை நோக்கி வந்தது.

"ஸபீக்கா, சம்மதமா?"

பெண் வாய் திறக்காவிட்டால் சம்மதம் என்று எங்கள் ஊரில் சின்னக் குழந்தைக்குக்கூடத் தெரியும். நான் வளையல்களை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி கேட்டார். என் உதடு அசைந்தது உண்மை. ஆனால் அந்தக் கதவுக்குப் பின்னாலிருந்து ஒரு ஆண்குரல் வந்தால் குவைத் முழுக்கச் சிரிக்கும். இனி அவர் செத்த பிறகும் சிரிப்பார்கள். அதற்கு நான் காரணமாக இருக்க முடியாது.

"சொல்லும்மா" என்றார். குரல் மாறிவிட்டது. "ஒரே ஒரு வார்த்தை. வேண்டாம்னு சொல்லிடு, நான் இவங்களை அனுப்பிடறேன்."

நான் மூச்சைக்கூட விடவில்லை.

"இருபது வருஷம், நீ சொன்னதைத்தானே நான் பேசினேன்? சொந்தமா எனக்கு ஒரு வார்த்தை தெரியுமா? ஊர்ல எல்லாரும் என்னைப் பாத்து சிரிச்சாங்க, நீ ஒரு நாள் சிரிச்சதில்ல. இன்னிக்குப் போய் வாயை மூடிட்டியேம்மா. நாளைக்கு நான் எந்தக் கதவுல காதை வெச்சுக் கேப்பேன்?"

கதவு அதிர்ந்தது. நெற்றியை அதன்மேல் மோதினார் போலிருக்கிறது. பிறகு அந்த மனுஷன் அழுதார். ஒத்திகையில் கேட்ட அழுகை இல்லை. மூக்கு உறிஞ்சி, இருமி, அசிங்கமான அழுகை. வெட்கத்தை விட்டுச் சொன்னால், கதவுக்கு இந்தப் பக்கம் எனக்கு அந்த அப்பன் வீட்டை விட்டுப் போகவே மனமில்லை. ரம்ஸி மேளத்துக்குக் கை காட்ட மறந்துபோனார். ரொம்ப நேரம் கழித்து, "குடுத்தேன்" என்று கேட்டது. மேளம் அடிக்கவே இல்லை. விளக்கு அணைந்தது.

வெளியே வந்தேன். ரம்ஸி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். கேமராக்காரனும் விளக்குப் போடுகிறவர்களும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். தொலைபேசி அடித்துக்கொண்டே இருந்தது. எல்லா வீட்டிலும் அழுகிறார்களாம். பூ துவைஜின் வீட்டில் அப்பாவும் மகளும் ஒரே தட்டில் சாப்பிடுகிறார்களாம்.

ஷம்லான் என் தோளைப் பிடித்தார். முகம் இன்னும் ஈரம்.

"எவனாவது சிரிச்சானா?"

"இல்ல, பூ மிஷாரி."

"எப்படி இருந்துச்சு? நல்லா அழுதேனா?"

"நான் எங்க பாத்தேன்? கதவு சாத்தியிருந்துச்சு."

நேரடி ஒளிபரப்பு, பதிவு கிடையாது. அந்த ஊரில் அதைப் பார்க்காதவர்கள் நாங்கள் இரண்டு பேர்தான் என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

"இரு, உனக்குச் செஞ்சு காட்டறேன். நில்லு இங்க" என்றார். கதவருகே போனார், நெற்றியை வைத்தார், வாயைத் திறந்தார். ஒன்றும் வரவில்லை. என் பக்கம் திரும்பினார்.

"முதல்ல என்ன சொன்னேன்?"

எனக்கு ஒவ்வொரு சொல்லும் ஞாபகம் இருந்தது. கதவுக்குப் பின்னால் போய் உட்கார்ந்து, சொல்லும்மா, ஒரே ஒரு வார்த்தை என்று எடுத்துக் கொடுத்தேன். அவர் அப்படியே சொன்னார். இருபது வருஷம், நீ சொன்னதைத்தானே என்று கொடுத்தேன். அதையும் சொன்னார், ஒரு சொல் மாறாமல், பள்ளிக்கூடப் பையன் பாடம் ஒப்பிப்பது போல. விளக்குக்காரன் ஒருவன் களுக்கென்று சிரித்தான். இன்னொருவன் சேர்ந்துகொண்டான். பிறகு எல்லோரும். கடைசியில் ஷம்லானும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பது கேட்டது.

"வெளிய வாடா தர்வீஷ், போதும்" என்றார்.

எனக்குத்தான் அழுகை நிற்கவில்லை. வளையல் சத்தம் கேட்காமல் கையைப் பிடித்துக்கொண்டு அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.