விக்டரின் வால்வு

சாந்தோமில் ஐரினின் வீட்டில் ராஜ கவனிப்போடு வாழ்ந்தவை மொட்டை மாடித் தொட்டியிலிருந்த ஜிலேபி மீன்கள்தான். கணவர் விக்டர் தினமும் காலையில் அந்தத் தண்ணீரைச் சின்னக் குப்பியில் பிடித்து, சொட்டு மருந்து விட்டு, நிறம் மாறுவதை வெளிச்சத்தில் தூக்கிப் பார்ப்பார். அம்மோனியா கூடியிருக்கிறதா, அமிலம் ஏறியிருக்கிறதா என்று அப்படியொரு கவலை. மீன்களின் அழுக்கைக் கீரைப் பாத்தி உறிஞ்சிக்கொள்ள, தெளிந்த நீர் திரும்பத் தொட்டிக்கு வரும். இத்தனை வருடத் தாம்பத்தியத்தில் தான் நீந்தும் தண்ணீரை யாரும் இப்படிச் சோதித்ததில்லை என்று ஐரினுக்குத் தோன்றும். மீனைப் பார்த்துப் பொறாமைப்படுகிற வயதா இது என்று உடனே வெட்கமும் வரும்.

வேளாங்கண்ணிக்குப் புறப்படும் முன், குளோரின் பட்டால் மீனின் செவுள் வெந்துவிடும், குழாய்த் தண்ணீரை டிரம்மில் ஒரு நாள் வெயில் காட்டித்தான் ஊற்ற வேண்டும் என்று விக்டர் பாடம் நடத்தினார். பள்ளியில் வேதியியல் நடத்தி ஓய்வுபெற்றவளிடம். அவள் டிரம்மை நிரப்பித் திறந்து வைத்தாள். அப்போதும் அவருக்கு நம்பிக்கை வரவில்லை. நீர் குறைந்தால் தானே திறந்து நிரப்பும் வால்வு ஒன்றைக் குடியிருப்பின் மேல்தொட்டிக் குழாயில் மாட்டினார். மேல்தொட்டியில் இருப்பது ஏற்கெனவே குளோரின் போய் ஆறிய தண்ணீர்தானாம்.

"உனக்கு எதுக்கும்மா சிரமம்" என்றார்.

மாதத்தின் முதல் சனிக்கிழமை காவலாளி தரைக்கடியிலுள்ள சம்ப்பில் பிளீச்சிங் பவுடர் கொட்டி, மோட்டார் போட்டு மேல்தொட்டிக்கு ஏற்ற வேண்டும் என்பது குடியிருப்புச் சங்கச் செயலாளரின் சட்டம். செயலாளர், விக்டர்.

அந்தச் சனிக்கிழமை குளிக்கக் குழாயைத் திறந்ததும் நெடி முகத்தில் அடித்தது. ஐரின் நைட்டியை மாட்டிக்கொண்டு மாடிக்கு ஓடினாள். வால்வு கடமை தவறாமல் ஊற்றிக்கொண்டிருந்தது. மீன்கள் மேலே வந்து வாயைப் பிளந்து தவித்தன. அவள் வால்வை மூடி, மீன்களை வலையால் அள்ளி டிரம்முக்கு மாற்றினாள். காற்றுக் குழாயையும் அதற்குள் விட்டாள்.

"செத்துத் தொலைஞ்சிடாதீங்க. பழி எனக்குத்தான் வரும்."

செவுள்கள் நிதானமாக அசையத் தொடங்கிய பிறகுதான், தான் ஜெபம் சொல்லிக்கொண்டிருப்பதைக் கவனித்தாள். பழிக்குப் பயந்து சொன்ன ஜெபமாகத் தெரியவில்லை.

மதியம் விக்டர் போன் செய்தார். மீன்கள் நலமா என்று விசாரித்தார். வால்வு இருப்பதால்தான் மாதா சந்நிதியில் கவலையில்லாமல் முழங்கால் போட முடிகிறது என்றார். "ஆமாங்க" என்று சொன்னால் முடிந்தது. அதில் ஐரினுக்கு நல்ல பழக்கம்.

"உங்க வால்வு பிளீச்சிங் தண்ணியக் கொண்டாந்து கொட்டிடுச்சு" என்றாள். "டிரம்முக்கு மாத்தினேன், பொழச்சுக்கிச்சு. வால்வக் கழட்டிட்டேன். இனிமே அத மாட்டாதீங்க."

விக்டர் அடுத்த கேள்விக்குத் தாவினார்.

"அம்மோனியா எவ்ளோ இருக்குன்னு பாத்தியா?"

"வந்து பாத்துக்குங்க" என்று போனை வைத்தாள் ஐரின்.