வாளியில் ஊறிய அல்லிக்காய்

என் வீட்டுக்காரருக்குக் காவல் வேலை. ராத்திரி முழுக்கக் கிடங்கு வாசலில் உட்கார்ந்துவிட்டுக் காலையில் வந்து கொசுவலைக்குள் ராஜா மாதிரி படுப்பார். தூக்கம் கெட்டால் மனிதர் மனிதராக இருக்க மாட்டார். அது தெரிந்தும் அந்த வாளியைக் கொல்லைக் கதவுக்குப் பக்கத்தில் வைத்தேன். நிழல் அங்கேதான் இருந்தது, நான் என்ன செய்ய?

வாளிக்குள் அல்லிக்காய். பழுத்த காயைத் தண்ணீரில் ஊறப்போட்டு அழுக விட வேண்டும். தோல் கரைந்தால்தான் கடுகு கடுகாக விதை பிரியும். கழுவிக் காயவைத்துப் பொரித்துத் தின்னலாம், மாவாக அரைக்கலாம். ஆனால் அழுகும்போது வரும் நாற்றம் இருக்கிறதே, சொல்லி மாளாது.

இந்த வாளி தின்பதற்கு இல்லை, விதைப்பதற்கு. நான் சந்தையில் சமையலுக்கு அல்லித்தண்டு விற்கிறவள். நார் உரித்துக் கட்டுக் கட்டாக அடுக்கி வைத்தால் மதியத்துக்குள் தீர்ந்துவிடும். பூவை உலர்த்தி நாட்டு மருந்துக் கடைக்குக் கொடுப்பேன். கோடையில் ஏரியைத் தூர்வார வந்தவர்கள் சேற்றோடு சேர்த்துக் கிழங்கையும் அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். மழை வந்து ஏரி நிரம்பியது, அல்லி மட்டும் இல்லை. சந்தையில் என் இடத்தின் மேல் பிளாஸ்டிக் குடம் விற்கிறவர் கண் வைத்திருந்தார். அக்கா ஊர்க் குளத்தில் கடைசியாக நின்ற காய்களைப் பறித்து, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தேன். இதை விட்டால் அடுத்த வருஷம்தான்.

ஊறப்போட்ட நாலாம் நாள் மழை கொட்டிக்கொண்டிருந்தது. கடையிலிருந்து திரும்பினால் வாளி கவிழ்ந்து கிடக்கிறது, கழுவிச் சுத்தமாக.

"ஏங்க, இதுல இருந்தது எங்க?"

"எலி கிலி செத்துக் கெடக்குன்னு நெனச்சேன். வாய்க்கால்ல கொட்டிட்டேன். அப்புறந்தான் கண்ணே மூட முடிஞ்சுது."

என் தலையில் இடி விழுந்தது. சல்லடையை எடுத்துக்கொண்டு மழையில் ஓடினேன். எங்கள் கொல்லை வாய்க்கால் நேராக ஏரிக்குப் போகிறது. அது ஏரியில் விழும் இடத்தில் பக்கத்து வீட்டு வாத்துகள் கூட்டமாக நின்று, கல்யாணப் பந்தியில் உட்கார்ந்த மாதிரி கொத்திக்கொண்டிருந்தன. சல்லடையில் எனக்குக் கிடைத்தது சகதியும் ஒரு பொத்தானும்.

வீட்டுக்கு வந்து நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்டேன். "பொண்டாட்டி பொழப்பை வாத்துக்குப் போட்டுட்டு எப்படிங்க தூக்கம் வருது?" என்றேன். அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார்.

அதற்குப் பிறகு வேலை முடிந்து அவர் நேரத்துக்கு வீடு திரும்புவதில்லை. "அண்ணன் டீக்கடையில இருக்கும், அண்ணி. உங்க மொகத்தைப் பார்க்கப் பயம்" என்றாள் நாத்தனார். பயப்படட்டும் என்று விட்டுவிட்டேன். பகலில் வலைகூடக் கட்டாமல் படுத்து, அவர் கையையும் கழுத்தையும் சொறிந்துகொண்டே புரள்வதைப் பார்த்தும் ஏன் என்று கேட்கவில்லை. கோபம் அப்படி. குடக்காரர் வேறு என் இடத்தை அளந்து பார்த்துவிட்டுப் போனார். எனக்குச் சோறு இறங்கவில்லை.

மழைக்காலம் முடியப்போகிற ஒரு காலை, முழங்கால் வரை சேறோடு வாசலில் வந்து நின்றார்.

"வா, ஒண்ணு காட்டணும்."

"எனக்கு வேலை இருக்கு."

"சண்டையை வந்து போட்டுக்கலாம். இப்ப வா."

போனேன். வாய்க்கால் விழும் இடத்தைச் சுற்றி நாலு மூங்கில் குச்சி நட்டிருந்தது. அதில் எங்கள் கொசுவலை சுற்றிக் கட்டியிருந்தது. வெளியே வாத்துகள் கோபமாகக் கத்திக்கொண்டிருந்தன. உள்ளே தண்ணீரின் மேல், பொட்டு அளவில் ஒன்று, காசு அளவில் ஒன்று, அங்கே இரண்டு, இங்கே மூன்று என்று இலைகள். குனிந்து ஒன்றைத் திருப்பிப் பார்த்தேன். அடிப்புறம் சிவப்பு. அல்லியேதான்.

"விதை மெதந்துக்கிட்டே வந்து இங்க ஒதுங்கியிருக்கு. வாத்து தின்னது போக மிச்சம். தெனமும் வந்து வெரட்டினேன், கேக்கல. அதான் வலை."

வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. அங்கேயே சேற்றில் உட்கார்ந்து அழுதேன், அழுகையோடு சிரிப்பும் வந்தது. இத்தனை நாளும் இந்த மனிதர் கொசுக்கடி பட்டிருக்கிறார், நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

"வலையைக் கழட்டிடவா?" என்றார்.

"தொட்டீங்கன்னா பாருங்க."

வீட்டுக்கு வந்ததும் கால்கூடக் கழுவாமல் பாயில் சாய்ந்துவிட்டார். காலில் ஒட்டிய சேற்றிலிருந்து அந்தப் பழைய வாளி நாற்றம் வீடு முழுக்கப் பரவியது. நாத்தனார் மூக்கைப் பொத்திக்கொண்டு வந்தாள்.

"ஐயய்யே, என்ன அண்ணி நாத்தம்?"

"மெதுவாப் பேசு. அவர் தூங்குறார்" என்று சொல்லிவிட்டு, விசிறியை எடுத்துக்கொண்டு கொசு விரட்ட உட்கார்ந்தேன்.