எவரால்டோவின் சட்டை

மாதா கோயில் சுவரில் கட்டிய வெள்ளைப் போர்வை காற்றில் புடைத்ததும், அதில் ஓடிய படத்தில் கரும்பு வெட்டிக்கொண்டிருந்தவர்கள் எல்லோருக்கும் ஒரு கணம் வயிறு பெருத்தது. பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள்.

"ஏ லெனிரா, ஒரு மூஞ்சியும் தெரியல. வழிப்பறிக்காரனுங்க மாதிரி துணியக் கட்டிட்டு நிக்கிறோம். உனக்கு எப்படித்தான் பரிசு குடுத்தானுங்க?" என்றான் பீரா, சுட்ட சோளத்தைக் கடித்தபடி.

"மூஞ்சி தெரிஞ்சிருந்தா குடுத்திருக்க மாட்டானுங்க."

வெட்டுவதற்கு முன் தீ வைத்த கரும்பில் கரி பறக்கும். தொப்பி, முகத்துணி, முழுக்கைச் சட்டை. கண் மட்டும்தான் வெளியே. அந்தக் கரியில் வளர்ந்து, படமெடுக்கக் கற்று, சாவோ பாவ்லோவிலும் கடல் தாண்டியும் தன் படங்களைக் காட்டியவள் லெனிரா. ஆனால் முதன்முதலில் இரவல் கேமராவில் எடுத்த இந்தப் படத்துண்டை மட்டும் எந்தப் படத்திலும் சேர்த்ததில்லை. வாடகை அறையில் தனியாகச் சாப்பிடும்போது எதிர்ச் சுவரில் ஓடவிடுவாள். அதில் முதுகை நிமிர்த்தி அவளைப் பார்த்துக் கையாட்டுகிறவர் அவளுடைய அப்பா ஜுவெனால். அடுத்த கரும்பு வெட்டுக்கு அவர் உயிரோடு இல்லை. அவருக்கு வேறு படமும் இல்லை. அடுத்த வாரம் சாவோ பாவ்லோ கலைக்கூடத்தில், ஒரு சுவர் முழுக்க அவர் நிற்கப்போகிறார், கீழே பெயரோடு. ஊருக்கு முதலில் காட்டாமலிருக்க அவளுக்கு மனம் வரவில்லை.

போர்வையில் அந்த உருவம் நிமிர்ந்தது. கையாட்டியது.

"எவரால்டோ!"

பக்கத்து வீட்டுக் கிழவி தோனா சுல்மீரா எழுந்துவிட்டாள். "அது என் ஆளு. தோள்ல பாருங்க, ஒட்டு. என் பாவாடையக் கிழிச்சு நான் தச்சது."

ஒட்டு அவள் தைத்ததுதான். படமெடுத்த அன்று மழையில் அப்பாவின் சட்டை காயவில்லை. பக்கத்து வீட்டில் காய்ச்சலில் படுத்திருந்த அவள் கணவன் எவரால்டோ தன்னுடையதைக் கொடுத்தான். போய் வாங்கி வந்தவளே லெனிராதான்.

"அவரு செத்தப்புறம் வந்த வெள்ளத்துல அவரு போட்டோ எல்லாம் போச்சு பொண்ணே. முகமே மறந்துபோச்சு எனக்கு. பாதிரியார்கிட்டகூடச் சொல்லல." கிழவி மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "படத்துக்குக் கீழ பேரு எழுதுவியாமே? அவரு பேரப் பெருசா எழுது."

பீரா மெல்லுவதை நிறுத்தியிருந்தான். அன்று ஜுவெனாலுக்குப் பக்கத்து வரிசையில் வெட்டியவன் அவன்தான். லெனிராவைப் பார்த்தான். பிறகு சோளக் கட்டையைப் பார்த்தான்.

"முழுப் பேரு சொல்லுங்க" என்றாள் லெனிரா.

கிழவி நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். "இன்னொரு தடவ ஓட்டு."

மறுபடி ஓடியது. உருவம் நிமிர்ந்து கையாட்டியபோது சுல்மீராவும் ஆட்டினாள். பெஞ்சில் ஒவ்வொருவராகக் கை தூக்கினார்கள். படம் காட்டும் கருவிக்குப் பின்னால் நின்ற லெனிராவின் கையும் தானாக எழுந்து, வெளிச்சத்துக்குள் போய்விட்டது. அதன் நிழல் போர்வையில் பெரிதாக விழுந்து அந்த மனிதனை மூடியது.

"யாரும்மா அது, கைய எடு, மறைக்குது!" என்று முன்னாலிருந்து ஒருத்தி கத்தினாள்.

எடுத்துக்கொண்டாள்.