காவல் விளக்கு

போன வருடம் மலர்க் கண்காட்சிக்கு முந்தின நாள் சாமந்திப் பூக்களை யாரோ பறித்துப்போனதிலிருந்து லிஃப்ட் மெக்கானிக்குக்குக் கறுவல் தீரவில்லை. இந்த முறை முதல் பரிசைக் கோட்டைவிடக் கூடாதென்று தொட்டிகளுக்கு மேலே விடிய விடிய எரியும் விளக்கை மாட்டினார். வேளாவேளைக்கு உரமிட்டார், நுனி கிள்ளினார். செடிகள் புதராக மண்டின; மொட்டு மட்டும் வரவில்லை.

உருப்படாது என்று மச்சானின் தலையில் அவர் கட்டிய நோஞ்சான் செடிதான் பரிசைத் தட்டிப்போனது.

"அப்படி என்னய்யா போட்ட?"

"ஒண்ணும் போடல மாமா. எங்க கொல்லையில பல்பு கிடையாது. ராத்திரி நல்லா இருட்டினாத்தான் சாமந்தி மொட்டு வைக்குமாம்."

மனைவி, தன் தம்பி வென்ற பரிசுக் கோப்பையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்:

"உங்க விளக்கையும் குறை சொல்ல முடியாது. இந்த வருஷம் ஒரு பூகூடத் திருடு போகலையே."